மயில் கழுத்துக் கொக்கி

ஆவடி ஆஸ்பத்திரியில் என்னைப் பிழைக்க வைத்தது பை பையாக ஏற்றிய பிளேட்லெட்டும், சலிக்காமல் ஓடிக்கொண்டிருந்த ஒரு நர்ஸும். பேர் வாங்கிக்கொண்டது முருகன். சாமிதானே, வாங்கிக்கொள்ளட்டும் என்று நானும் விட்டுவிட்டேன். டெங்குவில் விழுந்து எழுந்த உடம்பு, சண்டை போடத் தெம்பில்லை. ஆனால் அந்தப் பேருக்கு விலை என் புருஷனுடைய முதுகுத்தோல் என்று அப்போது எனக்கு யாரும் சொல்லவில்லை. ஆடி பிறந்து, கையில் காப்புக் கட்டி, மஞ்சள் வேட்டியோடு வாசலில் வந்து நின்றபோதுதான் ஜெகன் வாயைத் திறந்தான்.

"பறவைக் காவடி வேண்டிகினேன் சுதா. நீ பொழச்சி வந்தா எடுக்கறேன்னு."

பறவைக் காவடி என்றால் தோளில் தூக்கிக்கொண்டு போகிற காவடி இல்லை. முதுகிலும் தொடையிலும் காலிலும் இரும்புக் கொக்கிகளைக் குத்தி, கொக்கிகளில் கயிறு கட்டி, ஆளைக் குப்புறக் கிரேனில் தூக்குவார்கள். கையிரண்டையும் விரித்துக்கொண்டு அந்தரத்தில் தொங்கியபடி ஊரைச் சுற்றி வர வேண்டும். முழு எடையும் தோலில். தோலைப் பிடித்திருப்பது கொக்கி.

"என்னைக் கேட்டியா நீ?"

"ஐசியூல கண்ண மூடிகினு கெடந்தவள இன்னான்னு கேக்கறது?"

அவன் கேட்டதில் நியாயம் இருந்தது. அதனால் கோபம் இரண்டு மடங்கானது. பாத்திரத்தை எல்லாம் ஓசைப்பட வைத்தேன். இரண்டு நாள் பேசவில்லை. அவன் பாட்டுக்கு ஷேர் ஆட்டோவை எடுத்துக்கொண்டு திருநின்றவூர் ஸ்டேஷனுக்கும் ஆவடிக்கும் ஓட்டிக்கொண்டு, விரதச் சாப்பாடு சாப்பிட்டுக்கொண்டு, பாயில் தனியாகப் படுத்துக்கொண்டு இருந்தான். எங்கள் தெருவில் வருஷா வருஷம் யாராவது தொங்குகிறார்கள். காயம் ஆறுகிறது, மறு வாரம் வேலைக்குப் போகிறார்கள். ஊரோடு ஒத்து வாழ் என்று பெரியவர்கள் சொன்னதை நினைத்துப் பல்லைக் கடித்துக்கொண்டேன். தோல்தானே, ஆறிவிடும்.

இந்த இடத்தில் என் வேலையைப் பற்றிச் சொல்லியாக வேண்டும், இல்லையென்றால் பிறகு கோயிலில் நான் ஏன் அப்படிக் கத்தினேன் என்று புரியாது. அம்பத்தூர் எஸ்டேட்டில் ஒரு ஹீட் ட்ரீட்மெண்ட் கம்பெனியில் சரக்கைச் சோதிக்கிற வேலை எனக்கு. கியர், பின், ஷாஃப்ட் என்று வெளியிலிருந்து வரும். எங்கள் உலைக்குள் போய் வந்தால் உருவம் மாறாது, குணம் மாறிவிடும். சிவக்கக் காய்ச்சி எண்ணெயிலோ தண்ணீரிலோ முக்கினால் இரும்பு விறைத்துக்கொள்ளும். அரம் போட்டால் வழுக்கும். பார்க்கிறவன் என்ன உறுதி என்று மெச்சுவான். உண்மையில் அந்த நிலையில் அது கண்ணாடி டம்ளர். ஓங்கி ஒரு அடி விழுந்தால் போதும். சில சமயம் யாரும் தொடாமல் மேசையில் கிடக்கும்போதே டிக் என்று வெடித்துக்கொள்ளும்.

அதனால் முக்கி எடுத்த கையோடு இன்னொரு உலையில், மிதமான சூட்டில், பொறுமையாக வைத்து எடுக்க வேண்டும். விறைப்பு கொஞ்சம் இறங்கும். பதிலுக்குத் தாங்கும் குணம் வரும். வளையும், திரும்ப நிமிரும், ஒடியாது. இதற்கு டெம்பரிங் என்று பெயர். கடினம் வேறு, உறுதி வேறு. இந்த ஒரு விஷயத்தை ஊருக்கு விளக்கி விளக்கியே என் தொண்டை கட்டிப்போனது. முதல் வேலையை முடித்து இரண்டாவதை விட்ட சரக்கை எங்கள் கேட்டைத் தாண்ட நான் விட்டதில்லை.

கிருத்திகைக்கு முந்தின நாள், பரணி. மதியம் ஜெகனுக்குத் தினைமாவு எடுத்துக்கொண்டு ஏரிக்கரைக் கோயிலுக்குப் போனேன். நாளைக்குத் தொங்கப்போவது இந்த வருஷம் அவன் ஒருத்தன்தான் என்பதால் காப்புக் கட்டின நாளிலிருந்து கோயிலிலேயே பாதி நேரம் கிடந்தான். மண்டபத்தில் பத்துப் பதினைந்து பேர் வட்டமாக நின்று எதையோ வேடிக்கை பார்த்தார்கள். எட்டிப் பார்த்தேன்.

நடுவில் தமிழ்வாணன் உட்கார்ந்திருந்தார். ஏரிக்குப் பக்கத்து அப்பார்ட்மெண்டில் குடியிருக்கிற ஐடி ஆள், கோவைப் பக்கம் சொந்த ஊர். இந்த வருஷம் விழாக் கமிட்டியில் புதிதாகச் சேர்த்திருந்தார்கள். அவர் கையில் கேஸ் டார்ச், முன்னால் ஒரு பித்தளை அண்டா. இடுக்கியால் ஒரு கொக்கியை எடுத்தார். நெருப்பில் பிடித்தார். அது செர்ரிப் பழம் மாதிரி சிவந்தது. பக்தியோடு "வேல்முருகா" என்று சொல்லிக்கொண்டே அண்டாவுக்குள் விட்டார். சொய்ங்.

அண்டாவில் மஞ்சள் தண்ணீர்.

கூட்டத்தை விலக்கிக்கொண்டு உள்ளே போனேன். "சார், என்ன பண்றீங்க?"

"வாங்க மேடம்." முகமெல்லாம் பெருமை. "போன வருஷம் தேவராஜ் முதுகு சீழ் பிடிச்சு டாக்டர்கிட்ட திட்டு வாங்கினாருல்ல? இந்த வருஷம் அந்தப் பேச்சே இருக்கக் கூடாது. ரெட் ஹாட் பண்ணி மஞ்சத் தண்ணியில போட்டுட்டேன். ஒரு கிருமி உயிரோட இருக்காது. எல்லாமே முடிஞ்சது, இது கடைசி."

பழைய கார் ஸ்பிரிங் கம்பியில் அடித்த கொக்கிகள் அவை. எந்தக் காலத்திலோ ஒரு நல்ல கொல்லன் பதம் பார்த்துச் செய்தது. வருஷா வருஷம் புளி போட்டுத் தேய்த்துத் திருநீறு பூசி எடுத்து வைப்பார்கள், அவ்வளவுதான். ஸ்பிரிங் இரும்பைச் சிவக்க வைத்துத் தண்ணீரில் முக்கினால் என்ன ஆகும் என்று என் கம்பெனியில் டீ வாங்கி வருகிறவனுக்குக் கூடத் தெரியும். நல்ல மனசோடு, நாலு பேர் கைதட்ட, அத்தனை கொக்கியையும் கண்ணாடியாக்கி வைத்திருந்தார்.

"சார், கொதிக்கிற தண்ணியில போட்டு எடுத்து ஸ்பிரிட் தொடச்சிருந்தா கிருமி செத்திருக்கும். இப்ப இது ஒடையும் சார். தூக்கினா ஒடையும்."

"ஒடையுமா? நான் அரம் போட்டுப் பார்த்தேனே, கீறலே விழல. முன்னைவிட ஹார்டா ஆயிருக்கு. ஹார்டா இருந்தா நல்லதுதானே மேடம்?"

"அதான் சார் கெட்டது!"

எல்லாரும் சிரித்தார்கள். தர்மகர்த்தா உலகநாதனும் சிரித்தார். அவர் இந்த ஊர்ப் பழைய குடி. ஏரிப் பாசனத்தில் நெல் போட்ட குடும்பம், இப்போது அந்த வயலெல்லாம் பிளாட். "கெட்டியா இருந்தா கெட்டதாம்பா. கம்பெனிக்குப் போற பொண்ணு சொல்லுது, கேட்டுக்கோங்க" என்றார்.

விளக்கினேன். டம்ளர் உதாரணம் சொன்னேன், முறுக்குக் கம்பி உதாரணம் சொன்னேன். ஜெகன் தூணோரம் நின்று தரையைப் பார்த்துக்கொண்டிருந்தான். ஒருத்தன் போனை நோண்டினான். ஒருத்தன் கொட்டாவி விட்டான். சொல்லிப் புரியாதவர்களுக்குச் செய்துதான் காட்ட வேண்டும். அண்டாவுக்குள் கையை விட்டு ஒரு கொக்கியை எடுத்தேன். சன்னதிக்கு எதிரே சிதறு தேங்காய் அடிக்கிற கல் இருக்கிறது. தேங்காயை அடிக்கிற மாதிரியே ஓங்கி அடித்தேன்.

கொக்கி இரண்டாகத் தெறித்தது. ஒரு துண்டு போய் உண்டியலில் மோதி விழுந்தது. ஒடிந்த இடத்தில் சர்க்கரைத் தூள் மாதிரி மினுமினுப்பு. கொஞ்சம்கூட வளையவில்லை, அப்படியே சுத்தமாக ஒடிந்திருந்தது.

"பாத்தீங்களா? இதைத்தான் என் புருஷன் முதுகில குத்தப் போறீங்க. இதுல தொங்கவிட்டு கிரேன்ல தூக்கப் போறீங்க!"

போனை நோண்டியவன்கூட நிமிர்ந்து பார்த்தான். புரிந்துவிட்டது என்று நினைத்தேன். என்னைப் போல முட்டாள் இந்த உலகத்தில் இல்லை.

உலகநாதன் உண்டியல் பக்கம் போய் அந்தத் துண்டை எடுத்துக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். "எங்கப்பன் காலத்துலர்ந்து கீது இந்தக் கொக்கி. ஒரு நாளு ஒண்ணு ஒடஞ்சதில்ல. பொம்பள கை பட்டதும் ஒடஞ்சிச்சி." என்னை ஏற இறங்கப் பார்த்தார். "ஏம்மா, சுத்தமா கீறியா நீ?"

என் காது இரண்டும் சூடாகிவிட்டது. அத்தனை ஆம்பிளைகளுக்கு நடுவில், என் உடம்பின் கணக்கை என்னிடம் கேட்கிறார். தமிழ்வாணன் வேறு பக்கம் திரும்பிக்கொண்டார். படித்தவர், நாசூக்கு தெரிந்தவர், அதனால் வாயை மூடிக்கொள்வார்.

"இரும்பு பத்திப் பேசினா இரும்பு பத்திப் பேசுங்க பெரியவரே!"

"இன்னா பேச்சு பேசுது பாரு. குத்தமாயிப் போச்சுப்பா. கொக்கி ஒடஞ்சா முருகனுக்குக் கோவம்னு அர்த்தம். தோசம் கழியணும்." அவர் ஜெகன் பக்கம் திரும்பினார். "நைனா, நாளிக்கு ஒரு சுத்து போதாது. மூணு சுத்து வரணும். இன்னா சொல்ற?"

நான் ஜெகனைப் பார்த்தேன். நீயாவது சொல்லுய்யா என்று பார்த்தேன்.

"வரேன்" என்றான். பிறகு என்னிடம், தரையைப் பார்த்தபடியே, "சுதா, நீ ஊட்டுக்குப் போ" என்றான்.

ஒரு சுற்று மூன்று சுற்றானதுதான் நான் நிரூபித்ததற்குக் கிடைத்த பலன்.

வீட்டுக்குப் போகவில்லை. கோயில் வாசலில், திருவிழாக் கடைகள் போட்டுக்கொண்டிருந்த இடத்தில், ஒரு செங்கல் குவியல் மேல் உட்கார்ந்தேன். போலீசுக்குப் போகலாமா என்று யோசித்தேன். நாளைக்குக் கிரேனுக்கு முன்னால் மாலை போட்டுக்கொண்டு நடக்கப்போகிறவரே இன்ஸ்பெக்டர்தான். கொக்கிகளைத் திருடி ஏரியில் போடலாமா? பக்கத்து ஊர்க் கோயிலிலிருந்து வாங்கி வந்து அதையும் மஞ்சள் தண்ணீரில் முக்குவார்கள். அழுகை வரவில்லை. அழுகிற அளவுக்குக் கோபம் இறங்கவில்லை.

"இன்னாடி, பேயறஞ்சா மாதிரி குந்திகினுகீற?" என்றாள் அஞ்சலை.

அஞ்சலையக்கா ஸ்டேஷன் வாசலில் வேர்க்கடலை வறுக்கிறவள். திருவிழாவுக்கு வண்டியைக் கோயிலுக்குத் தள்ளிக்கொண்டு வந்திருந்தாள். பெரிய இரும்புச் சட்டியில் கறுப்பு மணல். கீழே கேஸ் அடுப்பு திகுதிகுவென்று எரிய, கரண்டியால் மணலைப் புரட்டிக் கடலையை உள்ளே தள்ளினாள்.

நான் கடலையைப் பார்க்கவில்லை. மணலைப் பார்த்தேன்.

சூடான மணல். எல்லாப் பக்கமும் ஒரே சீராகச் சூடு கொடுக்கிற மணல். நெருப்பு நேராகப் படாது. மெதுவாக ஏறும், மெதுவாக இறங்கும். எங்கள் கம்பெனியில் லட்சக்கணக்கில் கொட்டி வாங்கிய உலை செய்வதும் அதைத்தான்.

"யக்கா, அடுப்ப இன்னும் பெருசா எரிய விட முடியுமா?"

"கடல கருகிப்பூடும்டி."

"கடல வேணாம். கொக்கி போடணும்."

விஷயத்தைச் சொன்னேன். அவள் கரண்டியை நிறுத்திவிட்டுக் கேட்டாள். "இரும்பப் போட்டா கடலைல துரு வாசன வரும், எவன் வாங்குவான்" என்று முதலில் முறைத்தாள். பிறகு கோயிலைப் பார்த்து ஒரு கெட்ட வார்த்தை சொல்லிவிட்டு, "எட்தா. ஆனா அவனுங்க ஒங்கைல குடுப்பானுங்களா?" என்றாள்.

கொடுக்க மாட்டார்கள். பொம்பளை கை பட்டால் ஒடியும் என்று முடிவாகிவிட்டதே. சுதா சொன்னால் கேட்க மாட்டார்கள். அப்படியென்றால் யார் சொன்னால் கேட்பார்கள்?

மண்டபத்தில் பம்பைக்காரர்கள் நாளைக்காக அடித்துப் பழகிக்கொண்டிருந்தார்கள். கொண்டையை அவிழ்த்தேன். ஆஸ்பத்திரியில் பாதி உதிர்ந்த முடி, மிச்சம் இருந்தது போதும். எழுந்து உள்ளே நடந்தேன். பலர் சாமி வந்த மாதிரி நடிக்கச் சிரமப்படுவார்கள். எனக்கு ஒரு சிரமமும் இல்லை. இருந்த கோபத்துக்குத் தலையை மட்டும் ஆட்டினால் போதுமாயிருந்தது.

"டேய்!" என்று ஒரு சத்தம் போட்டேன். பம்பை ஒரு கணம் நின்று, பிறகு வேகமாக அடித்தது. கூட்டம் விலகியது. உலகநாதன் ஓடி வந்தார். சற்று முன் சுத்தமா என்று கேட்ட அதே வாய், அதே மனிதர். கையில் கற்பூரத் தட்டு, கண்ணில் பயம்.

"ஆரு வந்துகீறது? ஆருன்னு சொல்லு தாயே!"

அதை நான் யோசித்திருக்கவில்லை. "அவன் ஆத்தா வந்துகீறண்டா! மலைமேல குந்திகினுகீறானே, அவனப் பெத்தவ!"

பொத்தென்று காலில் விழுந்தார். பின்னாலேயே மண்டபம் முழுக்க விழுந்தது. தமிழ்வாணன்கூட, பேண்ட் போட்ட முழங்காலோடு.

சந்தோஷமாக இருந்ததா என்று கேட்டால், இல்லை. இன்னும் எரிந்தது. அரை மணி நேரம் முன்னால் இதே கல், இதே வாய், இதே கோபம். அப்போது வீட்டுக்குப் போ என்றார்கள். இப்போது பாதத்தைத் தொட்டுக் கண்ணில் ஒற்றுகிறார்கள்.

எதற்குச் சுற்றி வளைப்பானேன் என்று முதலில் நேராகவே கேட்டேன். ஜெகன் கும்பிட்டபடி முன்னால் நின்றான். "இவன் தொங்க வேணாண்டா. எனக்கு இவன் ரத்தம் வேணாம். வேண்டுதல நான் தள்ளி வுட்டுட்டேன்!"

உலகநாதன் சரி என்று தலையாட்டத் தயாராக இருந்தார். ஜெகன் ஆட்டவில்லை.

"ஆத்தா" என்றான். குரல் உடைந்தது. "வேற இன்னா வேணா கேளு, குடுக்கறேன். இத மட்டும் கேக்காத. ஐசியூ வாசல்ல, செருப்பில்லாம, நான் குடுத்த வாக்கு. டாக்டரு கையெழுத்து வாங்கிகினு பூட்டாரு. எங்கிட்ட வேற ஒண்ணும் இல்ல குடுக்க, இந்த ஒடம்பத் தவர. அவ பொழச்சிட்டா. நான் வாக்கு மாறி, நாளப்பின்ன அவளுக்கு ஒரு காய்ச்ச வந்தா? அப்ப நான் யாரண்ட போய் நிக்கறது?"

ஒன்பது வருஷக் கல்யாணத்தில் அவன் அழுது பார்த்ததில்லை. என்னிடம் ஒரு நாள்கூட இதைச் சொன்னதும் இல்லை. தலைவிரி கோலமாக, ஊர் நடுவில், வேறு யாராகவோ நின்றபோதுதான் என் காதுக்கு வந்தது. ஆடிக்கொண்டிருந்த தலை தானாக நின்றுவிட்டது. கட்டிப் பிடித்துக்கொள்ளத் தோன்றியது. ஓங்கி அறையவும் தோன்றியது. ஆத்தாவால் இரண்டையும் செய்ய முடியாது.

"சரிடா" என்று மறுபடி ஆட ஆரம்பித்தேன். "அப்ப நான் சொல்றபடி செய்யணும். ஒரே சுத்து. மூணு கேட்டவன் எவண்டா?"

உலகநாதன் தரையோடு தரையாக ஒட்டிக்கொண்டார்.

"கொக்கியெல்லாம் எடுடா! டீசல்ல முக்குடா!"

"டீசலா ஆத்தா?"

"எதிர்த்துப் பேசறியா?"

ஜெனரேட்டருக்கு வைத்திருந்த டீசல் கேன் வந்தது. ஒவ்வொரு கொக்கியையும் முக்க வைத்து, துணியால் துடைக்க வைத்து, மேலே திருநீற்றைப் பூச வைத்தேன். விரிசல் இருந்தால் உள்ளே போன டீசல் மெல்லக் கசிந்து, வெள்ளைத் திருநீற்றில் ஈரக்கோடாகத் தெரியும். பதப்படுத்தினாலும் விழுந்த விரிசல் ஒட்டிக்கொள்ளாது, அதனால் முதலிலேயே கழித்தாக வேண்டும். இரண்டு கொக்கிகளில் மயிர் கனத்துக்குக் கோடு விழுந்தது. "இது எனக்கு ஆவாது, ஏரில போடு" என்றேன். போட்டார்கள். எந்தக் கேள்வியும் கேட்கவில்லை. மிச்சத்தைச் சோப்புப் போட்டுக் கழுவி, உப்புத்தாள் வைத்துப் பளபளவென்று தேய்க்கச் சொன்னேன்.

"இதெல்லாம் மயில் கழுத்து நெறம் ஆவணும். என் புள்ள ஏறுற மயிலு கழுத்து. அந்த நெறம் வராத கொக்கி இவன் மேல ஏறக் கூடாது!"

"மயில் கழுத்தா ஆத்தா? பெயிண்ட் அடிக்கணுமா?"

"கடலைக்காரிகிட்ட கேளுடா!"

ஊர்வலமாக வெளியே வந்தார்கள். அஞ்சலை முகத்தில் ஒரு சிரிப்புக் கிடையாது, அவ்வளவு கெட்டிக்காரி. கடலையை அள்ளிவிட்டு, அடுப்பை முழுக்கத் திருகி, மணல் நன்றாகக் காய்ந்ததும் கொக்கிகளை அதில் புதைத்தாள். நான் பக்கத்தில் நின்று லேசாக ஆடிக்கொண்டே சட்டியை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை. அவ்வப்போது அவள் மணலை விலக்குவாள். தேய்த்துப் பளபளத்த இரும்பில் சூடு ஏற ஏற நிறம் ஓடும். முதலில் காய்ந்த வைக்கோல் மஞ்சள். அது இன்னும் விறைப்புதான். பிறகு பழுப்பு. பிறகு கத்திரிப்பூ. கூட்டம் கன்னத்தில் போட்டுக்கொண்டது. தமிழ்வாணன் போனைப் பார்த்துவிட்டு என் காதருகே வந்து, "மேடம்... ஆத்தா... நீலம்னா முந்நூறு டிகிரின்னு போட்டிருக்கு. நீங்க சொன்ன டெம்பரிங் இதுதான் போல" என்றார். மதியமே பார்த்திருக்கலாமே என்று ஒரு பார்வை பார்த்தேன், தள்ளிப் போய் நின்றுகொண்டார்.

கத்திரிப்பூ மெல்ல மெல்லக் கரைந்து, எல்லாக் கொக்கியிலும் ஒன்று போல, பட்டுப்புடவையில் வருமே அந்த மயில் கழுத்து நீலம் ஏறியது. இன்னும் சூடு கொடுத்தால் இன்னும் நல்லதுதான். கடலை அடுப்பால் அவ்வளவுதான் முடியும். தீயைக் குறைத்து, மணலுக்குள்ளேயே வெகுநேரம் வைத்திருக்கச் சொன்னேன். பொழுது சாய்கிறவரை அஞ்சலை வியாபாரம் இல்லாமல் நின்றாள். ஆறியதும் ஒரு கொக்கியை எடுத்து, "அடிடா கல்லுல" என்று உலகநாதனிடம் கொடுத்தேன்.

அவர் பயந்து பயந்து அடித்தார். "இன்னும்" என்றேன். ஓங்கி அடித்தார். தேங்காய்க் கல்லில் ஒரு சில்லு பெயர்ந்தது. கொக்கி துள்ளிக் கீழே விழுந்து முழுசாகக் கிடந்தது. இன்னொன்றை, நாளைக்காகக் கொண்டுவந்து நிறுத்தியிருந்த கிரேனின் படியில் மாட்டிக் கயிறு கட்டி நாலு பேரை இழுக்கச் சொன்னேன். கொக்கியின் வாய் கொஞ்சம் விரிந்தது. விட்டதும் பழையபடி கூடிக்கொண்டது.

"அரோகரா!" என்று ஊர் அலறியது. நான் மயங்கி விழுந்தேன். அது மட்டும் நடிப்பில்லை என்றும் சொல்லலாம், காலையிலிருந்து சாப்பிடவில்லை.

மறுநாள் காலை, கொதிக்கிற தண்ணீரில் போட்டு எடுத்து ஸ்பிரிட்டால் துடைத்த கொக்கிகள் அவன் முதுகில் ஏறின. கிரேன் தூக்கியது. நான் முன்னால் நின்று பார்க்கப் போனேன். கமிட்டிப் பையன் கயிற்றை நீட்டி, "யம்மா, லேடீஸ்லாம் அந்தாண்ட போங்க" என்றான். நேற்று என் காலில் விழுந்தவர்களில் அவனும் ஒருத்தன். தலையை வாரிப் பின்னியிருந்ததால் அடையாளம் தெரியவில்லை போலிருக்கிறது.

கயிற்றுக்குப் பின்னால் நின்று பார்த்தேன். ஜெகன் கையை விரித்துக்கொண்டு மேலே போனான். முதுகுத்தோல் கூடாரம் மாதிரி நிமிர்ந்து இழுபட்டது. கிரேன் ஒரு பள்ளத்தில் இறங்கிக் குலுங்கியது. ஊர் வேல் வேல் என்று பாடியது, நான் கொக்கிகளை மட்டும் ஒவ்வொன்றாகப் பார்த்துக்கொண்டே கூட நடந்தேன். வெயிலில் நீலமாக மின்னின. ஏரிக்கரை போய்த் திரும்பி வந்து, அவன் பாதம் தரையைத் தொடுகிறவரை நான் மூச்சு விட்டேனா என்று தெரியாது.

உலகநாதன் என்னைத் தேடி வந்து பிரசாதம் கொடுத்தார். "அடுத்த வருசமும் ஆத்தா வரணும்மா. வந்து நெறம் ஏத்திக் குடுக்கணும்." கும்பிட்டார். ஆத்தாவைத்தான் கும்பிட்டார்.

மாலை வீட்டில் ஜெகனைக் குப்புறப் படுக்க வைத்து முதுகுக்கு மருந்து தடவினேன். துளைகள் சுத்தமாக இருந்தன. பாதி முதுகு முடிவதற்குள் எனக்குத் தாங்கவில்லை.

"நேத்து வந்தது ஆத்தா இல்ல. நான்தான்."

"தெரியும்" என்றான் தலையணைக்குள்ளிருந்து.

என் கை நின்றுவிட்டது.

"எந்த ஆத்தாடி டீசல் கேக்கும்?" சிரித்தான், சிரித்ததில் முதுகு வலித்து முனகினான். "நீ பாத்து வுட்ட கொக்கின்னுதான் தைரியமா ஏறனேன். மேல போனப்ப முருகன நெனைக்கல சுதா. நீ சட்டியண்ட நின்னதத்தான் நெனச்சிகினேன்."

அப்படியென்றால் ஐசியூ வாசலைப் பற்றிச் சொன்னது ஆத்தாவிடம் இல்லை. என்னிடம்தான். மனசு நிறைந்து, கண் கலங்கிக்கொண்டு வந்தது. வந்த வேகத்திலேயே இன்னொன்றும் வந்தது.

"அப்ப மதியானம் நான் நானா நின்னு சொன்னேனே. கொக்கிய ஒடச்சிக் காட்னேனே. சுத்தமா கீறியான்னு அந்தாளு அத்தன பேர் முன்னால கேட்டானே. அப்ப ஏன்யா வாயத் தொறக்கல? ஏன் ஊட்டுக்குப் போன்னு சொன்ன?"

அவன் சிரிப்பை நிறுத்தினான். ஏதாவது சொல்வான் என்று காத்திருந்தேன். ஒரு பொய்யாவது சொல்வான் என்று காத்திருந்தேன். வெளியே கோயில் ஸ்பீக்கரில் நன்கொடை கொடுத்தவர்கள் பெயரைப் படித்துக்கொண்டிருந்தார்கள்.

ஜெகன் முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டான். நான் மருந்தை எடுத்து அடுத்த துளையில் தடவினேன். கொஞ்சம் அழுத்தித்தான் தடவினேன். கத்தாமல் பொறுத்துக்கொண்டான்.